அழித்துவிட்ட செயலி சம்பள நாளில் திரும்பி வருவது ஏன்?

வாசகர் கேள்வி: ஐயா, நான் தலவாக்கலைக்கு அருகே ஒரு தோட்டப் பாடசாலையில் ஆசிரியையாக இருக்கிறேன். தரம் 5 புலமைப்பரிசில் பிள்ளைகளுக்காகப் பழைய வினாத்தாள்களைப் படமெடுத்து பிடிஎஃப் ஆக்குவதற்கு ஒரு ஸ்கேனர் செயலியை இறக்கினேன். மூன்று நாள் இலவசம் என்று போட்டிருந்தது. அட்டை இலக்கம் கேட்டது, கொடுத்தேன். நான்காம் நாள் 2,400 ரூபாவுக்கு மேல் போய்விட்டது. பயந்துபோய் அன்றே செயலியை அழித்துவிட்டேன். பிறகு கணக்கில் பணம் இருக்கவில்லை, ஒன்றும் நடக்கவில்லை. ஆனால் சம்பளம் விழுந்த அன்றே மறுபடியும் எடுத்தார்கள். அடுத்த வாரம் இன்னொரு முறை. எனக்குச் சம்பளம் வந்தது அவர்களுக்கு எப்படித் தெரிந்தது? வங்கிக் கிளையில் "நீங்கள்தானே கொடுத்தீர்கள், எங்களால் ஒன்றும் செய்ய முடியாது" என்கிறார்கள். யூடியூபில் சொன்னபடி ஆட்டோபேயை (தானாகப் பணம் பிடிக்கும் ஏற்பாட்டை) நிறுத்தத் தேடினேன்; என் போனில் அப்படி ஒன்றும் இல்லை. இதற்கிடையில், கொழுந்து பறிக்கும் என் அம்மாவின் போனிலும் ரீலோட் போட்டால் தினமும் ஐந்து, ஆறு ரூபா குறைகிறது. இரண்டையும் நிறுத்தி, போன பணத்தை மீட்க வழி உண்டா?

பதில்:

அன்புள்ள ஆசிரியை அவர்களுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்த அன்றே, அட்டையின் இணையவழிக் கொடுப்பனவு வசதியை உடனே அடைத்துவிடுமாறு உங்களுக்கு ஒரு வரி அனுப்பியிருந்தேன். அதைச் செய்திருந்தால், இந்தப் பதிலை நீங்கள் வாசிக்கும்போது நான்காவது முறை பணம் போயிருக்காது. மற்றதை ஆறுதலாகப் பார்க்கலாம். மூன்று தடவைகளில் போனது 7,200 ரூபாவுக்கு மேல். 2024இல் வர்த்தமானியில் அறிவிக்கப்பட்ட 1,350 ரூபா அடிப்படை நாட்சம்பளத்தை வைத்துப் பார்த்தால், உங்கள் அம்மா மலையில் ஐந்து பேருக்கு, அதாவது ஐந்து நாள் வேலைக்கு, மேல் போட்டுச் சம்பாதிக்க வேண்டிய தொகை அது. ஆகவே "சின்னத் தொகைதானே, விட்டுவிடுங்கள்" என்று சொல்லும் ஆலோசனை எதையும் நான் தரப்போவதில்லை.

செயலியை அழித்த பின்னும் பணம் போவது உங்களுக்கு அநியாயமாகத் தோன்றுகிறது. ஆனால் சந்தா என்ற சொல்லை நம் மக்கள் இணையத்தில் கற்றுக்கொள்ளவில்லை, தோட்டத்துச் சம்பளச் சீட்டில் கற்றுக்கொண்டார்கள். தொழிற்சங்கத்துக்குச் சந்தா பிடிக்கச் சம்மதித்துக் கையொப்பம் வைத்த ஒருவர், பிறகு கூட்டத்துக்குப் போகாமல் இருந்தாலும், தலைவரோடு பேசாமல் இருந்தாலும், ஏன், அந்தச் சங்கத்தின் நாட்காட்டியைச் சுவரிலிருந்து கழற்றிவிட்டாலும், தோட்டத்துக் கந்தோருக்கு எழுத்தில் விலகல் கடிதம் கொடுக்கும்வரை சந்தா பிடிபட்டுக்கொண்டேயிருக்கும் என்பது உங்கள் அம்மாவுக்கு நன்றாகத் தெரியும். செயலியைப் போனிலிருந்து அழிப்பது நாட்காட்டியைக் கழற்றுவதைப் போன்றது. நீங்கள் கொடுத்த சம்மதம் போனில் இருக்கவில்லை. அது கூகுள் கணக்கில் இருக்கிறது. விலகல் கடிதத்தை அங்கேதான் கொடுக்க வேண்டும்.

சம்பளம் வந்தது அவர்களுக்கு எப்படித் தெரிந்தது என்ற உங்கள் கேள்விக்கும் இதிலேயே பதில் இருக்கிறது. அவர்களுக்குத் தெரியாது. அட்டை இலக்கத்தை மட்டும் வைத்துக்கொண்டு உங்கள் கணக்கின் மீதியைப் பார்க்க அவர்களால் முடியாது. முதல் தவணைக்குப் பிறகு கணக்கில் பணம் இல்லாததால் அடுத்த தவணை மறுக்கப்பட்டது. மறுக்கப்பட்ட தவணையைக் கொடுப்பனவு முறைமை உடனே கைவிடுவதில்லை, சில நாட்களுக்கு ஒருமுறை திரும்பத் திரும்ப முயன்று பார்க்கும். கதவைத் தட்டிக்கொண்டே இருப்பவனுக்கு, வீட்டுக்காரர் வந்து சேர்ந்த நேரத்தில் கதவு திறப்பது இயல்பு. கணக்கில் போதிய மீதி இல்லை என்று இடைப்பட்ட நாட்களில் வங்கியிலிருந்து குறுஞ்செய்தி ஏதேனும் வந்ததா என்று பாருங்கள். வந்திருந்தால் அழித்துவிடாதீர்கள், அதுவும் ஒரு சான்று. "ஒன்றும் நடக்கவில்லை" என்று நீங்கள் நினைத்த அந்த நாட்களில்தான் எல்லாம் நடந்துகொண்டிருந்தது.

இப்போது போனை எடுத்து, பணம் போனதாக வங்கி அனுப்பிய மூன்று குறுஞ்செய்திகளையும் ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்து, தொகைக்கு அருகில் உள்ள வணிகரின் பெயரை எழுத்தெழுத்தாக வாசியுங்கள். கூகுள் என்ற பெயரும், ஒரு நட்சத்திரக் குறியும், அதன் பின்னால் செயலியின் அல்லது அதைச் செய்த நிறுவனத்தின் பெயரும் இருந்தால், பணம் கூகுள் பிளே வழியாகப் போயிருக்கிறது. கூகுளின் பெயர் இல்லாமல் வேறொரு பெயர் மட்டும் இருந்தால், அந்த நிறுவனத்தின் இணையதளத்துக்கு நேரடியாக அட்டை இலக்கத்தைக் கொடுத்திருக்கிறீர்கள்; அப்போது அந்தத் தளத்தில் உங்கள் பெயரில் உள்ள கணக்குக்குள் சென்றுதான் இரத்துச் செய்ய முடியும். ஐஃபோன் என்றால் ஆப்பிளின் பெயர் இருக்கும்; உங்களிடம் அது இல்லை என்று எடுத்துக்கொள்கிறேன். நீங்கள் விவரித்த விதத்தைப் பார்த்தால் இது கூகுள் பிளே வழியாகப் போன பணம்தான் என்று நினைக்கிறேன். அந்த அனுமானத்திலேயே மேலே எழுதுகிறேன்.

பிளே ஸ்டோரைத் திறந்து, மேல் மூலையில் உங்கள் படமோ பெயரின் முதலெழுத்தோ இருக்கும் வட்டத்தைத் தொட்டால், கொடுப்பனவுகளும் சந்தாக்களும் என்ற பகுதி வரும். அதற்குள் சந்தாக்களைத் திறந்தால் அந்த ஸ்கேனரின் பெயர் இருக்க வேண்டும். அழித்துவிட்ட செயலியின் பெயரும் அங்கே இருக்கும். அதைத் தொட்டு இரத்துச் செய்யும்போது காரணம் கேட்பார்கள், பாதி விலைக்குத் தருகிறோம் என்று கெஞ்சினாலும் கெஞ்சுவார்கள். எதையும் பொருட்படுத்தாமல், இரத்துச் செய்யப்பட்டது என்ற சொல்லும் எந்தத் திகதி வரை பயன்படுத்தலாம் என்ற விவரமும் திரையில் தோன்றும்வரை போய்க்கொண்டே இருங்கள். தோன்றியதும் அந்தத் திரையைப் படம் பிடித்து வைத்துக்கொள்ளுங்கள். மின்னஞ்சலிலும் ஓர் உறுதிப்படுத்தல் வரும். பணத்தைத் திருப்பிக் கேட்கும்போது இந்த இரண்டும்தான் உங்கள் கையிலுள்ள பலமான ஆவணங்கள்.

அங்கே அந்தப் பெயர் இல்லையென்றால் திகைக்க வேண்டாம். மலையகத்தில் என்னிடம் ஆலோசனைக்கு வரும் பலரிடம் நான் முதலில் கேட்கும் கேள்வி, "இந்தப் போனுக்கு ஈமெயில் போட்டுத் தந்தது யார்?" என்பதுதான். ஹட்டனிலோ நுவரெலியாவிலோ போன் வாங்கிய கடையில் ஒரு தம்பி இரண்டு நிமிடத்தில் ஒரு ஜிமெயில் கணக்கைத் திறந்து கையில் தந்துவிடுகிறார். அதன் கடவுச்சொல் அவருக்கும் நினைவில்லை, நமக்கும் தெரியாது. பிறகு கல்வித் திணைக்கள வேலைக்கென்று நாமே இன்னொரு கணக்கைத் திறக்கிறோம். சந்தா முதலாவது கணக்கில் இருக்கும், நாம் தேடுவது இரண்டாவது கணக்கில். அதே வட்டத்தைத் தொட்டால் போனில் உள்ள எல்லாக் கணக்குகளும் வரிசையாகத் தெரியும். ஒவ்வொன்றுக்கும் மாறி மாறிச் சென்று சந்தாப் பகுதியைப் பாருங்கள். போனிலேயே இல்லாத பழைய கணக்காக இருந்தால், அப்போது கொடுத்த தொலைபேசி இலக்கத்தைக் கொண்டு கணக்கை மீட்கும் வசதி கூகுளில் உண்டு. இதற்காகவாவது அந்த சிம்மைத் தூக்கிப் போடாமல் வைத்திருங்கள்.

நீங்கள் பார்த்த யூடியூப் காணொளியைப் பற்றியும் ஒரு வார்த்தை. தமிழில் நல்லபடியாக விளக்குபவர்களில் பலர் தமிழ்நாட்டைச் சேர்ந்தவர்கள். அவர்கள் சொல்வது இந்தியாவின் யூபிஐ என்ற கைபேசிக் கொடுப்பனவு முறைக்கும், இந்திய வங்கிகள் வழங்கும் அட்டைகளுக்கும் உரியது. அங்கே 2021 அக்டோபர் முதல், தொடர் தவணைகளைப் பிடிப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரத்துக்கு முன்னர் வாடிக்கையாளருக்கு அறிவிக்க வேண்டும் என்று இந்திய ரிசர்வ் வங்கி கட்டாயப்படுத்தியிருக்கிறது. உங்கள் அட்டை இலங்கை வங்கியொன்றின் அட்டை. அந்த விதி அதற்குப் பொருந்தாது, அந்த ஆட்டோபே பட்டியலும் உங்கள் போனில் இருக்காது. முன்னறிவிப்பு வரும் என்று காத்திருப்பது நம் ஊருக்குச் சரிவராது.

சந்தாவை இரத்துச் செய்வது ஒன்று, அட்டையை அடைப்பது இன்னொன்று. இரண்டையும் செய்ய வேண்டும் என்பதே என் கருத்து. பல வங்கிகளின் செயலிகளில் இணையவழிப் பரிமாற்றத்தை நாமே அடைக்கவும் திறக்கவும் வசதி இருக்கிறது. இல்லாவிட்டால் அட்டையின் பின்புறத்தில் உள்ள இலக்கத்துக்கு அழைத்துச் சொன்னால் அடைத்துத் தருவார்கள். ஆனால் அட்டையை மட்டும் அடைத்துவிட்டு, ஆறு மாதம் கழித்து ரயில் ஆசனம் பதிவுசெய்யத் திறந்தால், இரத்தாகாத பழைய சந்தா ஏதாவது உயிரோடு இருந்து மறுபடியும் கைநீட்டலாம். புது அட்டை வாங்கிவிட்டால் தொல்லை விட்டது என்றும் நிச்சயமாகச் சொல்ல முடியாது: புதுப்பித்த அட்டையின் விவரத்தைத் தொடர் தவணை பிடிக்கும் வணிகர்களுக்குத் தானாகவே சேர்ப்பிக்கும் சேவையை வீசா, மாஸ்டர்கார்ட் இரண்டுமே வைத்திருக்கின்றன. அட்டை காலாவதியானால் வாடிக்கையாளருக்குச் சேவை நின்றுவிடக் கூடாது என்ற நல்ல நோக்கத்தில் ஏற்படுத்தப்பட்டதுதான் அது. உங்களைப் போன்றவர்களுக்கு அதுவே பொறியாகிவிடுகிறது.

இனி, போன பணம். கூகுள் பிளேயில் பணம் பிடிக்கப்பட்டு 48 மணி நேரத்துக்குள் கேட்டால், கூகுளே நேரடியாகத் திருப்பித் தரும் வாய்ப்பு இருக்கிறது; அதற்குப் பிறகு செயலியைச் செய்த நிறுவனத்தையே கேட்கச் சொல்வார்கள். ஒவ்வொரு வாரத் தவணையும் தனித்தனிக் கொள்வனவாகவே கணக்கிடப்படும் என்பதால், முதல் தவணைக்கு நேரம் கடந்துவிட்டாலும் கடைசித் தவணைக்குக் கடந்திருக்க வேண்டியதில்லை. உங்கள் கடிதத்தின்படி பார்த்தால் மூன்றுக்குமே 48 மணி நேரம் கடந்துவிட்டது. ஆயினும் கூகுளின் மீளளிப்புப் படிவத்தை ஒருமுறை நிரப்பி அனுப்புங்கள், ஐந்து நிமிட வேலைதான், சில வேளைகளில் கிடைத்தும் விடுகிறது. அங்கே மறுத்தால், பிளே ஸ்டோரில் அந்தச் செயலியின் பக்கத்தில் அதைச் செய்தவர்களின் மின்னஞ்சல் முகவரி இருக்கும், அதற்கு எழுதுங்கள்.

எழுதும்போது நம்மில் பலர் செய்யும் தவறு, கோபத்தையெல்லாம் கொட்டி, விடயத்தைச் சொல்லாமல் விட்டுவிடுவது. அந்த மின்னஞ்சலை வாசிப்பவர் ஒரு நாளைக்கு இப்படி எத்தனையோ கடிதங்களைப் பார்ப்பவர். உங்கள் கஷ்டத்தைவிட உங்கள் கொள்வனவு இலக்கம்தான் அவருக்கு உதவும். கூகுள் அனுப்பிய பற்றுச்சீட்டு மின்னஞ்சலில் ஜிபிஏ என்ற ஆங்கில எழுத்துகளோடு தொடங்கும் ஒரு நீண்ட இலக்கம் இருக்கும். மூன்று தவணைகளின் இலக்கங்களையும் திகதிகளையும் முதலில் எழுதுங்கள். அடுத்து, இன்ன திகதியில் மூன்று நாள் இலவசப் பயன்பாட்டைத் தொடங்கினேன், இன்ன திகதியில் செயலியை நீக்கிவிட்டேன், அதன்பின் ஒரு நாளும் பயன்படுத்தவில்லை, நீக்கினால் சந்தாவும் முடிந்துவிடும் என்று எண்ணியிருந்தேன் என்று உள்ளபடியே எழுதுங்கள். கடைசியாக, இரண்டாம், மூன்றாம் தவணைகளை முழுமையாகத் திருப்பித் தாருங்கள், முதலாவதைக் குறித்தும் கருணையோடு பரிசீலியுங்கள் என்று கேளுங்கள். பத்து வரிக்கு மேல் போக வேண்டாம். எளிய ஆங்கிலத்தில் எழுதினால் போதும்; உங்கள் பாடசாலையின் ஆங்கில ஆசிரியர் ஒரு இடைவேளையில் பார்த்துக் கொடுத்துவிடுவார்.

முதல் தவணையையும் மற்ற இரண்டையும் நான் பிரித்துச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. இலவச நாட்கள் முடிந்ததும் பணம் பிடிப்போம் என்று அந்தத் திரையில் எங்கோ ஓரிடத்தில், வெளிர் சாம்பல் எழுத்திலாவது, எழுதியிருந்திருக்கும். அதனால் முதல் தவணையைத் தவறு என்று நிறுவுவது கடினம். பயன்படுத்தாத செயலிக்கான பின்னைய இரண்டு தவணைகளைத் தருவதில் பல நிறுவனங்கள் அவ்வளவு பிடிவாதம் காட்டுவதில்லை. மூன்றையும் ஒரே மூச்சில் "திருட்டு" என்று எழுதினால் மூன்றையும் சேர்த்தே மறுத்துவிடுவார்கள். கிடைக்கக்கூடியதைக் கிடைக்கக் கடினமானதோடு கட்டிப்போடாதீர்கள்.

அவர்களும் மறுத்தால், அல்லது இரண்டு வாரமாகப் பதிலே இல்லாவிட்டால், வங்கி. "எங்களால் ஒன்றும் செய்ய முடியாது" என்று கிளையில் சொன்னவர் பொய் சொல்லவில்லை. அவருடைய கவுண்டரில் ஒன்றும் செய்ய முடியாதுதான். அட்டைப் பிணக்குகளைக் கவனிப்பது தலைமையகத்தில் உள்ள அட்டைப் பிரிவு. நான் ஓய்வுபெறும்வரை பல ஆண்டுகள் அப்படியான ஒரு பிரிவில் இருந்தவன் என்பதால் சொல்கிறேன்: நீங்கள் "பணம் போய்விட்டது" என்று சொன்னால் கிளையிலுள்ளவர் ஆறுதல் சொல்வார், "டிஸ்பியூட் படிவம் தாருங்கள்" என்று கேட்டால் படிவத்தைத் தருவார். அந்த ஒரு சொல்லில் இருக்கிறது வித்தியாசம்.

அந்தப் படிவத்தில் காரணத்தைத் தெரிவு செய்யும் இடத்தில்தான் பெரும்பாலானவர்கள் சறுக்குகிறார்கள். "இந்தப் பரிமாற்றத்தை நான் செய்யவில்லை" என்று முதலாவதாக ஒரு பெட்டி இருக்கும். கோபத்தில் இருப்பவருக்கு அதுவே பொருத்தமாகத் தோன்றும். அது, அட்டை களவுபோனவர்களுக்கும் முன்பின் அறியாத இடத்தில் அட்டை பயன்படுத்தப்பட்டவர்களுக்கும் உரிய பெட்டி. நீங்கள் அட்டை இலக்கத்தை நீங்களாகவே கொடுத்தீர்கள். சேர்க்கும்போது ஓடிபி வந்திருந்தால் அதையும் நீங்களே அடித்திருப்பீர்கள். அந்தப் பதிவு வணிகரிடம் இருக்கும், அதைக் காட்டினால் உங்கள் முறைப்பாடு அங்கேயே விழுந்துவிடும்.

வெலிமடைப் பக்கத்திலிருந்து வந்த ஒருவரை எனக்கு இன்றும் நினைவிருக்கிறது. மகன் பயன்படுத்திய ஒரு விளையாட்டுச் சந்தாவுக்கு நான்கு மாதம் பணம் போயிருந்தது. மகன் சந்தாவை இரத்துச் செய்த பிறகும் இரண்டு மாதம் பிடித்திருந்தார்கள். இரத்துச் செய்த மின்னஞ்சலும் கையில் இருந்தது, வெல்லக்கூடிய வழக்கு. ஆனால் யாரோ சொன்னார்கள் என்று முதல் பெட்டியில் புள்ளடி போட்டுக் கொடுத்துவிட்டார். வணிகரின் பதில் வந்தது. மகனின் பெயர், போன், அதே வீட்டு இணையத் தொடர்பு, எல்லாமே அதில் இருந்தன. முறைப்பாடு தள்ளுபடியானது. உண்மையான காரணத்தை எழுதி மறுபடியும் கொண்டுவந்தபோது காலம் கடந்துவிட்டது. அந்த மின்னஞ்சலை முதல் நாளே இணைத்திருந்தால் பணம் கிடைத்திருக்கும் என்று அவரிடம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஆகவே நீங்கள், இரத்துச் செய்த பின்னும் பிடிக்கப்பட்ட தொடர் தவணை என்ற காரணத்தையோ, தவணை பிடிக்கும் நிபந்தனை தெளிவாகக் காட்டப்படவில்லை என்ற காரணத்தையோ, உங்கள் நிலைமைக்கு எது உண்மையோ அதைத் தெரிவு செய்ய வேண்டும். செயலியை நீக்கியதை "இரத்துச் செய்தேன்" என்று எழுத வேண்டாம்; அது இரத்து அல்ல என்று மேலேயே பார்த்தோம், வணிகரும் அதையே சொல்வார். இன்று நீங்கள் முறைப்படி இரத்துச் செய்த பிறகு ஏதேனும் தவணை பிடிக்கப்பட்டால், அதற்கு அந்த முதற்காரணம் முழுதாகப் பொருந்தும். நடந்து முடிந்த மூன்றுக்கும் இரண்டாவது காரணமே உங்களுக்கு ஏற்றது. 2020 ஏப்ரல் முதல் நடைமுறையிலுள்ள வீசாவின் விதிகளின்படி, இலவசப் பயன்பாட்டோடு சந்தா விற்கும் வணிகர், இலவசக் காலம் எவ்வளவு, அதன்பின் பிடிக்கப்படும் தொகை எவ்வளவு என்பவற்றைத் தெளிவாகக் காட்டி வெளிப்படையான சம்மதம் பெற வேண்டும். இணையத்திலேயே இலகுவாக இரத்துச் செய்யவும் வழி வைத்திருக்க வேண்டும். உங்கள் அட்டை வீசா என்றால் இதைக் குறிப்பிடலாம். அந்தச் செயலியின் விலைத் திரையை ஒரு தோழியின் போனில் இறக்கிப் பார்த்து, அட்டை விவரம் கொடுக்காமலே, எழுத்து எவ்வளவு சிறியதாக இருக்கிறது என்பதைப் படம் பிடித்து இணைத்தால் ஆயிரம் சொல்லுக்கு ஈடாகும்.

பிணக்கு எழுப்புவதற்குப் பெரும்பாலான காரணங்களுக்கு வீசா, மாஸ்டர்கார்ட் போன்ற அட்டை வலையமைப்புகள் 120 நாட்கள் வரை இடம்தருகின்றன. ஆனால் உங்கள் வங்கியின் நிபந்தனைகளில் அதைவிடக் குறுகிய காலம் சொல்லப்பட்டிருக்கலாம், எனவே மாதக்கூற்றுக் கிடைத்ததும் கொடுத்துவிடுவது புத்தி. கொடுக்கும் படிவத்தில் ஒரு பிரதியை எடுத்து, அதில் கிளையின் முத்திரையும் திகதியும் பெற்றுக்கொள்ளுங்கள். இன்னொன்றையும் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். கூகுள் வழியாகப் போன பணத்துக்கு வங்கியில் பிணக்கு எழுப்பினால், அந்தக் கூகுள் கணக்கில் கொள்வனவு வசதியை அவர்கள் முடக்கிவிடக்கூடும். அதனால்தான் வங்கியை மூன்றாவதாக வைத்தேன். பணம் திரும்பி வந்தாலும், அது டொலரில் பிடிக்கப்பட்டிருந்தால், மாற்று வீதமும் வங்கியின் கட்டணமும் சேர்ந்து சில ரூபாய்கள் குறையலாம். அதற்காக இன்னொரு சண்டை தொடங்க வேண்டாம்.

வங்கியின் இறுதிப் பதில் நியாயமில்லை என்று தோன்றினால், இலங்கை மத்திய வங்கியின் நிதியியல் நுகர்வோர் உறவுகள் திணைக்களத்துக்கு முறைப்பாடு செய்யலாம்; 1935 என்பது அதன் இலக்கம். வங்கியிடம் முதலில் எழுத்தில் முறையிட்டதற்கான சான்றைக் கேட்பார்கள் என்பதால்தான் அந்த முத்திரையிட்ட பிரதியை வற்புறுத்துகிறேன். அரச நிறுவனங்களோடு தமிழில் தொடர்பாடவும் தமிழிலேயே பதில் பெறவும் அரசியலமைப்பின் நான்காம் அத்தியாயம் உங்களுக்கு உரிமை தருகிறது. படிவம் சிங்களத்தில் இருக்கிறதே என்று பின்வாங்கிவிடாதீர்கள்.

உங்கள் அம்மாவின் விடயம் வேறு வகை. தொகை சிறியது, வெல்வது இலகு. ரீலோட் மறைவதற்குப் பொதுவாக மூன்று காரணங்கள் உண்டு, எது என்று தெரியாமல் முறைப்பாடு செய்தால் இழுத்தடிப்பார்கள். முன்பு அவசரத்துக்கு எடுத்த லோனும் அதன் கட்டணமும் ரீலோட் போட்ட உடனே ஒரே தடவையாகக் கழியும். டேட்டா தானாகப் புதுப்பிக்கப்பட்டாலோ பொதி முடிந்த பின் டேட்டா ஓடினாலோ ஒழுங்கில்லாமல் குறையும். தினமும் ஒரே அளவாக ஐந்து, ஆறு ரூபா குறைவது என்றால் அது பெரும்பாலும் மேலதிகச் சேவைச் சந்தா: இராசிபலன், பாட்டு, செய்தி, கிரிக்கெட் ஓட்டம் என்று ஏதோ ஒன்று.

அம்மா அப்படியொன்றைக் கேட்கவேயில்லை என்பீர்கள். கேட்டிருக்க மாட்டார்தான். கொழுந்து நிறுத்துவிட்டு, ஈரக்கையோடு போனை எடுத்து உங்களுக்கு அழைக்கப் பார்க்கும்போது, திரையை மறைத்துக்கொண்டு சதுரமாக ஒரு செய்தி வந்து நிற்கும். கீழே இரண்டு பொத்தான்கள். அது போனால்தான் அழைக்க முடியும் என்பதால் கைக்கு எட்டிய ஓகேயை அழுத்துவார். அதுவே சம்மதமாகிவிடும். அப்படி வந்தால் ஓகேயைத் தொடாமல், மற்றப் பொத்தானையோ பின்னோக்கிச் செல்லும் விசையையோ அழுத்தச் சொல்லிக் கொடுங்கள். பல சிம்களில், போனிலுள்ள சிம் டூல்கிட் என்ற பகுதிக்குள் சென்று இந்தத் திரைச்செய்திகளையே நிறுத்திவிடவும் முடியும்.

தொலைபேசி நிறுவனத்தின் வாடிக்கையாளர் இலக்கத்துக்கு அழைத்து, தமிழைத் தெரிவு செய்து, மூன்று விடயங்களைக் கேளுங்கள்: இந்த இலக்கத்தில் இப்போது இயங்கும் சேவைகள் எவை, ஒவ்வொன்றும் எந்தத் திகதியில் எந்த வழியாகத் தொடங்கப்பட்டது, இதுவரை கழிக்கப்பட்ட தொகை எவ்வளவு. பிறகு அனைத்தையும் நிறுத்தி, இனிமேல் எந்த மேலதிகச் சேவையும் சேராதபடி தடுத்துவைக்கச் சொல்லி, கழித்த பணத்தை மீதியில் சேர்க்கக் கேளுங்கள். முறைப்பாட்டு இலக்கத்தை எழுதிக்கொள்ளாமல் அழைப்பைத் துண்டிக்காதீர்கள். அவர்கள் தட்டிக் கழித்தால், தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தல் ஆணைக்குழுவின் 1900 என்ற இலக்கம் இருக்கிறது; இந்த வகைச் சேவைகள் 1991ஆம் ஆண்டின் 25ஆம் இலக்கத் தொலைத்தொடர்புகள் சட்டத்தின் கீழ் அமைந்த அந்த ஆணைக்குழுவின் கண்காணிப்புக்கு உட்பட்டவை. 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபைக்கும் முறையிடலாம். ஆனால் சேவை வழங்கப்பட்டு மூன்று மாதங்களுக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும். உள்ளூர் நிறுவனம் என்பதால் இங்கே இந்த வழிக்கு வலு உண்டு. கடல் கடந்த உங்கள் ஸ்கேனர் நிறுவனத்தின் மீது அதே வலு இருக்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம்.

இரண்டு விடயத்திலும் ஓர் எச்சரிக்கை. பணம் போன கதையை முகநூலில் எழுதினால், "பணத்தைத் திருப்பித் தருகிறோம்" என்று யாரோ அழைப்பார்கள். கூகுளில் தேடி எடுக்கும் வாடிக்கையாளர் சேவை இலக்கங்களிலும் போலிகள் உண்டு. மீளளிப்புக்கு ஓடிபி தேவையில்லை. கேட்பவர் யாராக இருந்தாலும் பேச்சை அத்தோடு முடித்துக்கொள்ளுங்கள்.

அம்மாவின் போன் பற்றி அழைப்பதற்கு முன் ஒரு வேலை மட்டும் மிச்சம்: அந்த சிம் யாருடைய அடையாள அட்டையில் பதியப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். தோட்டங்களில் மாமா வாங்கிக் கொடுத்தது, பக்கத்து லயத்து அண்ணன் போட்டுக் கொடுத்தது என்று வேறு பெயரில் ஓடும் சிம்கள் ஏராளம். பதிவுபெற்றவரைத் தவிர வேறு யாரிடமும் நிறுவனம் விவரம் பேசாது. அம்மாவின் பெயரிலேயே இருந்தால், மாலையில் அவர் வேலை முடிந்து வந்தபின் நீங்கள் அழைத்து, அடையாள அட்டை இலக்கத்தை மட்டும் அவர் வாயால் சொல்லச் செய்தால் போதும். இதற்கென்று ஹட்டனுக்குப் போய் அவர் ஒரு நாள் பேரை இழக்க வேண்டியதில்லை.